பாதிக் கட்டில்

அன்பு மகனுக்கு உன் அம்மா எழுதுவது.

நீ அங்கே சுகமாக இருப்பாய் என்று நம்புகிறேன். நாங்களும் சுகம் என்று எழுதத்தான் உட்கார்ந்தேன், கை வரவில்லை. போனில் சொன்னால் சரியாகக் கேட்கவில்லை என்று வைத்துவிடுவாய். கடிதத்தை அப்படி வைக்க முடியாது. வழக்கமாக என் எழுத்தை உன் பெரிய மகள் திருத்துவாள். இதை அவளுக்குக் காட்டவில்லை. ஐந்தாம் வகுப்போடு நின்ற என் எழுத்தில் பிழை இருக்கும். விஷயத்தில் இருக்காது.

வீட்டுக்காரர் மேலே இன்னொரு மாடி எழுப்பிவிட்டார். பக்கத்து அறையைப் பலகை வைத்துத் தடுத்து இரண்டு குடும்பத்துக்கு விட்டிருக்கிறார். மாடி குட்டி போடுகிறது, அறை குட்டி போடுகிறது, மாடிப்படி அடியில் இருக்கும் குழாய் மட்டும் மலடாக நிற்கிறது. விடிவதற்குள் குடத்தை வைத்தால்தான் சமையலுக்குத் தண்ணீர். நேற்று ஒருத்தி என் குடத்தை நகர்த்தினாள். அவள் ஏழு தலைமுறைக்கும் மறக்காதபடி பேசிவிட்டு வந்தேன்.

பள்ளிக்கூடத்தில் இடம் போதாமல் காலையில் பாதிப் பிள்ளைகள், மதியம் பாதிப் பிள்ளைகள். பெரியவளுக்கு மதியம். வகுப்பிலேயே முதலாவதாக வருகிறாள் என் பேத்தி, டீச்சருக்கு இன்னும் அவள் பெயர் தெரியவில்லை. ஜன்னலோரப் பொண்ணு என்றுதான் கூப்பிடுகிறாளாம். சண்டை போடத்தான் போனேன். எழுபது பிள்ளைகளுக்கு நடுவே தொண்டை கட்டி நின்ற அந்தப் பெண்ணைப் பார்த்ததும், கஷாயம் வைத்துக் குடி என்று சொல்லிவிட்டு வந்தேன்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். உன்னிடம் சொல்ல வேண்டாம் என்று உன் பெண்டாட்டி என் கையைப் பிடித்துக் கேட்டுக்கொண்டாள். அவளுக்காக ஒரு வாரம் வாயைக் கட்டினேன். அதற்கு மேல் முடியவில்லை.

போன லீவுக்கு நீ வந்து போனதில் அவளுக்கு மறுபடியும் கரு நின்றிருக்கிறது. எனக்கே சொல்லவில்லை. போன வாரம் குழாயடியில், குடத்தோடு அப்படியே சரிந்துவிட்டாள். படியெல்லாம் ரத்தம். கீழ்வீட்டுத் தையற்காரர்தான் துணியைப் போட்டுச் சுற்றி, ஆட்டோ பிடித்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார். கரு தங்கவில்லை. ஆள் பிழைத்தது புண்ணியம்.

அந்த ஆஸ்பத்திரியை நீ பார்க்க வேண்டுமடா. ஒரு கட்டிலுக்கு இரண்டு பேர். இவள் தலை இந்தப் பக்கம், இன்னொருத்தி தலை அந்தப் பக்கம். கட்டில் எங்கே என்று வார்டு ஆளிடம் கத்தினேன். ஊர் இதில் பாதி இருந்தபோது கட்டினது பாட்டி, கட்டிலுக்கு நான் எங்கே போக என்று அவன் என்னிடமே கேட்டான். ஊர் பெருத்தது கண்ணுக்குத் தெரிந்தும் கட்டில் போடாதவர்கள் மேல் எனக்குள்ள ஆத்திரம் தனி. அதைச் சாக்காக வைத்து உன் பங்கிலிருந்து நீ தப்பித்துவிடாதே.

அதே கட்டிலில் எதிர்ப்பக்கம் படுத்திருந்தவள் ஆறாவது பிரசவத்துக்கு வந்தவள். ஐந்தும் பெண். மறுநாள் மதியம் நான் கஞ்சியோடு போகிறேன், உன் பெண்டாட்டி விறைத்துப்போய் உட்கார்ந்திருக்கிறாள். என்னைப் பார்த்து ஒன்றே ஒன்றுதான் சொன்னாள். "என் தோள் மேல இருந்த கால் சில்லுன்னு ஆயிட்டே வந்துது அத்தை. ஃபேன் காத்துன்னு நெனச்சு, நான் போர்வைய இழுத்து மூடி விட்டேன்."

மூடி விட்டிருக்கிறாள், செத்தவளுக்கு.

ஜனத்தொகை, ஜனத்தொகை என்று டிவியில் சொல்லும்போது வேறு யாரையோ சொல்கிறார்கள் என்றுதான் இருந்தேன். அந்தக் கட்டிலைப் பார்த்த பிறகுதான் அது நாம்தான் என்று புரிந்தது. உனக்குப் புரியவில்லை. இது எதுவும் தெரியாமல் முந்தாநாள் போனில், அடுத்த லீவுக்கு வந்தா கண்டிப்பாப் பையன்தான்மா என்று சிரிக்கிறாய். மூன்று பெண் பிள்ளைகள் இருக்க எதற்கடா பையன்? ஆளப்போகிற அரண்மனை எது? நமக்கு இருப்பது ஓர் அறையும் ஒரு தண்ணீர் டிரம்மும். நான் ஏழு பெற்றேன், மூன்றுதான் தங்கியது. என்னை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. இவளையாவது கேட்கட்டும்.

இன்னொன்று வந்தால் ஆளுக்கு உத்தரவாதம் இல்லை என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார். குடும்பக் கட்டுப்பாட்டுக்குக் கத்தி வைக்க அவள் உடம்பில் ரத்தமும் இல்லையாம். ஆண்களுக்கு அது சின்ன வேலைதான், அன்றைக்கே வீட்டுக்குப் போய்விடலாம், பிறகு மூன்று மாதம் கவனமாக இருந்து ஒரு சோதனை செய்துகொண்டால் போதும் என்று நர்ஸ் விளக்கினாள். கனம் தூக்குகிறவனுக்கு உடம்பு தளர்ந்துவிடும் என்று நீ முன்பே சொன்ன கதையையும் கேட்டேன். ஒரு வாரம் தூக்காமல் இருந்தால் சரி, அப்புறம் மலையைத் தூக்கச் சொல்லுங்கள் என்றாள். தையற்காரர் இரண்டாவது பெண் பிறந்ததுமே செய்துகொண்டாராம். எனக்கு எதுவும் கொறையலம்மா, வீட்டுச் சண்டைதான் கொறைஞ்சிருக்கு என்கிறார். கூட வேலை செய்கிறவர்கள் சிரிப்பார்கள் என்றால் சிரிக்கட்டும். அவர்களா வந்து இவளுக்குக் கஞ்சி ஊற்றப் போகிறார்கள்?

நீ லீவில் வந்தால் நானும் பிள்ளைகளும் பாயைச் சுருட்டிக்கொண்டு வராந்தாவில் போய்ப் படுப்பது இத்தனை வருஷப் பழக்கம். இந்தத் தடவை நகர மாட்டேன். வந்து இறங்கியதும் நேரே ஆஸ்பத்திரிக்குப் போ. தையற்காரர் கூட வருகிறேன் என்றிருக்கிறார். அந்த மூன்று மாதமும் முடிந்து, சோதனையும் சரியென்று ஆன பிறகு என் பாயை நானே சுருட்டுகிறேன். அதுவரை, பெற்ற மகனாக இருந்தாலும் உனக்கு வராந்தாதான்.

அவளை இப்போது கட்டிலில் தனியாகப் படுக்க வைத்திருக்கிறேன். இன்னமும் பாதிக் கட்டிலில்தான் ஒடுங்கிப் படுக்கிறாள். காலை நீட்டுடி, இது நம் வீடு என்று தினமும் சொல்கிறேன். நீட்டுகிறாள், கொஞ்ச நேரத்தில் தானாக மடக்கிக்கொள்கிறாள்.

கடிதத்தை எப்போதும் பதினாறும் பெற்றுப் பெருவாழ்வு வாழ்க என்று முடிப்பேன். இந்தத் தடவை அது வேண்டாம். பெற்ற மூன்றோடும், அவற்றைப் பெற்றவளோடும் நீ பெருவாழ்வு வாழ்க.

இப்படிக்கு,
கட்டிலோரம் பாய் விரித்திருக்கும்
உன் அம்மா