குதிரைக்கு ஒரு பிடி கொள்ளு

1964 நவம்பர் 22, ஞாயிறு

பூசை முடிந்ததும் பாண்டிச்சேரி பஸ் ஏறி, கிளியனூர் தாண்டி இறங்கி, ஊரார் மல்லாட்டை என்கிற வேர்க்கடலைக் கொல்லை வழியே நடந்து மாமியார் வீட்டுக்குப் போய் வந்தேன். அங்கே சூசை மேரி அத்தை தனி. இங்கே திண்டிவனத்தில், பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் வாடகை அறையில் நான் தனி. எங்கள் இருவருக்கும் நடுவில் இருக்க வேண்டியவர் பட்டாளத்தில். பெயரை இங்கே எழுதலாம், நோட்டுக்குக் காது கிடையாது: சவரிராயன். கல்யாணத்துக்கு ஒரு லீவு, அவ்வளவுதான் நாங்கள் சேர்ந்து இருந்தது.

அத்தைக்குப் படிக்கத் தெரியாது. கடிதம் வந்தால் நான்தான் வாசித்துக் காட்டுவேன். இன்று, டீச்சர் புத்தி, மேலே இருந்த விலாசத்தையும் சேர்த்து வாசித்துத் தொலைத்தேன். ‘லைட் கேவல்ரி’ என்றதும் அத்தை சிலுவை போட்டுக்கொண்டார்.

“கல்வாரியா? ஏசுநாதரைச் சிலுவைல அறைஞ்ச மலை பேரையா பட்டாளத்துக்கு வச்சிக்கினு கீறாங்க? எம்புள்ள அங்கயா போயி நிக்கிறான்?”

“கல்வாரி இல்ல அத்தை, கேவல்ரி. குதிரைப்படைன்னு அர்த்தம்.”

வந்த அழுகை நின்றுவிட்டது. “குதிரையா? நம்ம ஜார்ஜியாரு மாதிரியா?”

ஊர்க் கோயிலில் புனிதர் ஜார்ஜியார் வெள்ளைக் குதிரை மேல் உட்கார்ந்து சர்ப்பத்தை ஈட்டியால் குத்துகிற சுரூபம் இருக்கிறது. ‘பெயர் மட்டும்தான் குதிரை; குதிரைகளை எடுத்துக்கொண்டு டாங்கி கொடுத்து எத்தனையோ வருஷமாகிறது; உங்கள் பிள்ளை இரும்புக்குள் உட்கார்ந்திருக்கிறார்’ என்று சொல்ல வாயைத் திறந்தேன். அதற்குள் அத்தை ஒரு பிடி கொள்ளை முந்தானையில் முடிந்துகொண்டு கிளம்பிவிட்டார். சுரூபத்துக் குதிரையின் வாய்க்கு நேராகக் கொள்ளை வைத்துவிட்டு, என்னைப் பார்த்து வெட்கமாகச் சிரித்தார்.

அடுத்த தடவை சொல்லிக்கொள்ளலாம்.

டிசம்பர் 14

நடந்ததை எழுதியிருந்தேன், பதில் வந்தது. அவர்கள் படையில் சாதாரணச் சிப்பாய்க்கு இன்னும் ‘சவார்’ என்றுதான் பட்டமாம். சவாரி செய்கிறவன். “கல்யாண ஜட்காவைத் தவிர குதிரைப் பக்கமே போகாதவன், சவார் சவரிராயன்! அம்மாவிடம் ஒன்றும் சொல்லாதே செல்வி. குதிரைக்குப் பேர் கேட்டால் வெள்ளையன் என்று சொல்லிவை.” பழைய ஈட்டிகளுக்கு மெருகு போட்டுச் சுவரில் மாட்டியிருக்கிறார்களாம். விழா என்றால் மட்டும் இறக்குவார்களாம்.

வாய்விட்டுச் சிரித்தேன். அந்தச் சத்தம் அறையில் எனக்கே அசிங்கமாகக் கேட்டது. கூடச் சிரிக்க ஆள் வேண்டும்.

1965 ஜனவரி 17, ஞாயிறு

அத்தையின் கேள்விகளுக்குப் பதில் சொல்வதற்காகவே நூலகத்தில் புத்தகம் எடுத்துப் படிக்கிறேன். ஐந்தாம் வகுப்புக்குக்கூட இவ்வளவு தயார் செய்ததில்லை.

ஆதியில் சேணத்தில் கால் வைக்க அங்கவடி இல்லை. ஓங்கிக் குத்தினால் குத்தியவனே சரிந்து விழும் பயம். அங்கவடி வந்த பிறகுதான் காலை ஊன்றி, ஈட்டியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, குதிரையின் பாரம் முழுவதையும் முனைக்குக் கொண்டுவர முடிந்தது. நம் நாட்டில் ஈட்டிக்குக் கெட்டி மூங்கில். அதை வெள்ளைக்காரனும் விரும்பி வாங்கினான்.

இதையெல்லாம் இன்று அத்தைக்குச் சொன்னேன். “கால வைக்க எடம் இருந்தாத்தான் கைக்கு பலம். இத்த தெரிஞ்சிக்க ஒரு புக்கா?” என்றார். அப்புறம், “நம்ம சவரிக்கு அந்த அங்கவடி கெட்டியா கீதா, கேட்டு எழுது.”

எழுதுகிறேன் என்றேன். டாங்கியைப் பற்றிச் சொல்லவில்லை.

பிப்ரவரி 11

பள்ளிக்கூடம் இல்லை. ஊரெல்லாம் இந்தி எதிர்ப்புக் கலவரம். ரயில் ஓடவில்லை என்கிறார்கள். கடிதமும் இல்லை.

மார்ச் 6

பிள்ளைகளைச் செஞ்சிக் கோட்டைக்கு அழைத்துப் போனோம். குதிரை லாயத்தில் வரிசையாக வளைவுகள். ஒவ்வொன்றிலும் நின்று கத்தி, எதிரொலி கேட்டுச் சிரித்தார்கள். உள்ளே ஆடுகள் படுத்திருந்தன.

சரித்திரப் புத்தகங்களில் ‘ஐயாயிரம் குதிரை வந்தது’ என்று எழுதுகிறார்கள். மேலே இருந்தவனும் அந்தக் குதிரைக்குள் அடக்கம். அவன் பெண்டாட்டி எதில் அடக்கம்? டீச்சர், வாங்க டீச்சர் என்று பிள்ளைகள் இழுத்தபோதுதான் அங்கேயே நின்றுவிட்டது தெரிந்தது.

ஏப்ரல் 16, பெரிய வெள்ளி

கோயிலில், சேவகன் ஈட்டியால் ஏசுநாதர் விலாவில் குத்துகிற இடம் வாசித்தபோது அத்தை என் கையைப் பிடித்துக்கொண்டார். வெளியே வந்ததும் கேட்டார்.

“நம்ம சவரி யாரையாச்சும் அப்டி குத்தியிருப்பானா?”

“இன்னும் சண்டையே வரலையே அத்தை.”

“வரக்கூடாது” என்றார்.

மே 9, ஞாயிறு

அவர் லீவு ரத்து. கட்ச் எல்லையில் தகராறாம். எனக்காகப் புதுப் பாய் வாங்கினேனா, அவருக்காகவா? அது சுருட்டியபடி மூலையில் நிற்கிறது.

போன வருஷம் விழுப்புரம் ஜங்ஷனில் வண்டி நகர்ந்தபோது அவர் ஏதோ சொன்னார். எஞ்சின் சத்தத்தில் கேட்கவில்லை. கேட்டுவிட்டதாகத் தலையாட்டினேன். வந்ததும் கேட்டுக்கொள்ளலாம் என்று இருந்தேன்.

ஜூலை 20

படித்தது: ஈட்டி முதல் மோதலுக்கு மட்டும்தான். குத்தியதும் பிடியைத் தளர்த்தி, கையைக் குதிரையின் போக்கில் விட வேண்டும். விடாமல் இறுக்கிப் பிடித்தவனை அந்த ஈட்டியே சேணத்திலிருந்து இழுத்துக் கீழே போட்டுவிடும். பீரங்கி வந்தபோதே ஈட்டியின் கதை முடிந்தது என்றார்களாம். அப்புறமும் இருநூறு முந்நூறு வருஷம் யாராவது தூக்கிக்கொண்டுதான் இருந்திருக்கிறார்கள். கடைசியில் முள்கம்பியும் இயந்திரத் துப்பாக்கியும் வந்து குதிரையையே இறக்கிவிட்டன.

செப்டம்பர் 8

கன்னியர் மடத்து ரேடியோவில் கேட்டேன். பஞ்சாபில் சண்டை. டாங்கி, டாங்கி என்று அந்த ஒரு வார்த்தைதான் காதில் விழுகிறது.

செப்டம்பர் 12, ஞாயிறு

அத்தையே பஸ் ஏறி வந்துவிட்டார், ஒரு மடி மல்லாட்டையோடு. கிளியனூரில் டீக்கடை ரேடியோ கேட்டாராம்.

“டாங்கிங்களா மோதிக்கினு கீதாமே. பத்திக்கினா வெளிய வர முடியாதாமே. எந்தெந்தத் தாயி பெத்த புள்ளைங்களோ, பாவம். நம்ம சவரி குதிரை மேல கீறான், ஜல்தியா ஓடியாந்துடுவான். இன்னாம்மா?”

“ஆமாம் அத்தை.”

நிம்மதியாக மல்லாட்டை உரித்துத் தின்றார், எனக்கும் ஊட்டினார். பஸ் ஏற்றிவிட்டு வந்து கிணற்றடியில் உட்கார்ந்து அழுதேன். இந்த உலகத்தில் அவருக்காகப் பயப்பட இருப்பது இரண்டே பேர். அதில் ஒருத்தியின் பயத்தை நான் பிடுங்கிவிட்டேன், இப்போது இரண்டு பங்கும் எனக்கே. ஐயோ, யாருகிட்ட சொல்லுவேன்?

செப்டம்பர் 23

சண்டை நின்றுவிட்டது. பள்ளியில் மிட்டாய் கொடுத்தார்கள். அத்தைக்கென்று ஒன்றைத் தாளில் மடித்து வைத்திருக்கிறேன்.

செப்டம்பர் 27

தந்தி.

செப்டம்பர் 28

என்னைப் பார்த்ததுமே அத்தைக்குத் தெரிந்துவிட்டது. “ஞாயித்துக்கெழம இல்லாத நாள்ல வந்துக்கிறியே” என்றார்.

ஊரே கூடியது. பக்கத்து வீட்டு முனியம்மாள் அத்தையைத் தாங்கிப் பிடித்துக்கொண்டார். பொழுது சாய்ந்து எல்லோரும் ஓய்ந்த பிறகு அத்தை என் பக்கம் திரும்பினார்.

“குதிரை என்னாச்சி?”

எனக்குப் புரியவில்லை.

“வெள்ளையன். அதுவும் பூடுச்சா?”

“இல்ல அத்தை. தப்பிச்சிடுச்சி.”

“அதுவாச்சும் பொழைச்சுதே. எம்புள்ளையக் கடைசியாப் பாத்தது அதுதான?”

எப்படிச் சொன்னேன் இதை? எந்த வாய் சொன்னது?

அக்டோபர் 17, ஞாயிறு

மாட்டுக் கொட்டகையைச் சாணம் போட்டு மெழுகி வைத்திருக்கிறார். மாடு விற்று வருஷங்கள் ஆகிவிட்டன. கட்டுத்தறியில் புதுக் கயிறு.

“சர்க்காருக்கு ஒரு லெட்டர் போடு, டீச்சரு. ஆளத்தான் குடுக்கல, அவன் குதிரையையாவது குடுக்கச் சொல்லு. எவ்ளோ கொள்ளு துன்னாலும் நான் போடறேன். அது கழுத்துல மொகத்த வச்சா அவன் வாசனை இருக்கும்.”

எழுதுகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். கோழை நான்.

நவம்பர் 2, கல்லறைத் திருநாள்

எல்லோரும் அவரவர் கல்லறையில் பூ வைத்து மெழுகுவத்தி ஏற்றினார்கள். எங்களுக்குக் கல்லறை இல்லை. எங்கே புதைத்தார்கள் என்பதும் தெரியாது. அத்தை மெழுகுவத்தியைக் கோயிலுக்குள் கொண்டுபோய் ஜார்ஜியார் காலடியில் வைத்தார். பக்கத்தில் ஒரு பிடி கொள்ளு. சுரூபத்தின் ஈட்டி எப்போதோ தொலைந்து, இப்போது கையில் இருப்பது ஒரு மூங்கில் குச்சி.

“லெட்டர் போட்டியா?”

இதற்கு மேல் என்னால் பிடித்துக்கொண்டிருக்க முடியவில்லை.

“குதிரை இல்ல அத்தை.”

“செத்துடுச்சா?”

“குதிரையே கிடையாது. பேரு மட்டும்தான் குதிரைப்படை. டாங்கி. இரும்பு வண்டி. அவரு அதுக்குள்ள இருந்தாரு.”

அறைவார் என்று நினைத்தேன். அறைந்திருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும். சுரூபத்தையே பார்த்துக்கொண்டு நின்றார்.

“உள்ள இருட்டா இருக்குமா?”

“தெரியல அத்தை.”

“சின்னதுல வெளக்க அணைச்சா கத்துவான். தனியாவா இருந்தான்?”

“இல்ல. இன்னும் மூணு பேரு கூட இருந்தாங்க.”

“மூணு பேரு இருந்தாங்களா” என்று தனக்குள்ளே சொல்லிக்கொண்டார். பிறகு என் மோவாயைத் தூக்கிப் பார்த்தார்.

“டாங்கி சண்டைன்னு நான் வந்து சொன்னப்ப, உனக்குத் தெரியுமா?”

“தெரியும்.”

“நான் மல்லாட்ட துன்னுக்கினு கீறேன். நீ ஒண்டியா இத்த நெஞ்சுல வச்சிக்கினு எதுருல குந்தினு இருந்தியா? அடிப்பாவி. அடி என் கண்ணு.”

அங்கேயே, கோயில் தரையிலேயே, இருவரும் உட்கார்ந்து அழுதோம். தந்தி வந்த பிறகு நான் சத்தம் போட்டு அழுதது அதுதான் முதல் தடவை.

1966 ஜனவரி 9, ஞாயிறு

கொல்லையைக் குத்தகைக்கு விட்டுவிட்டு அத்தை திண்டிவனத்துக்கே வந்துவிட்டார். மூலையில் நின்ற பாயை அவருக்கு விரித்துக் கொடுத்தேன். மீதிக் கொள்ளு முழுவதும் ஒரு கோணியில் கூடவே வந்திருக்கிறது. என் சமையலைப் பார்த்துத் தினமும் தலையில் அடித்துக்கொள்கிறார். இந்த அறையில் இவ்வளவு சத்தம் இருந்ததே இல்லை.

நேற்றுப் பட்டாளத்திலிருந்து கடிதம் வந்தது. அவர் பெயரை அங்கே கல்லில் வெட்டப்போகிறார்களாம். அத்தை பக்கத்தில் வந்து உட்கார்ந்து, மேலே இருந்து வாசி என்றார். மேலே இருந்தே வாசித்தேன். படையின் பெயர் வந்ததும் அந்த எழுத்துகள் மேல் விரலை வைத்தார்.

“இதான கல்வாரி?” என்றார். “நான் மொதல்லயே சரியாத்தான் சொல்லிக்கிறேன்.”

இந்தத் தடவை நான் திருத்தவில்லை. எழுந்து போய் இருவருக்கும் சோறு போட்டேன். அத்தை கொள்ளு ரசம் வைத்திருந்தார்.