இரும்புச்சத்து குறை—

நாள் 409, 09:10
இந்தக் குறிப்பு யார் கையில் கிடைக்கிறதோ அவருக்கு: இது செவ்வாயின் வட சமவெளியில் உள்ள இருவர் நிலையம். எழுதுவது பூங்கோதை. பயிர், உணவு, சத்து என் பொறுப்பு. எந்திரம், தண்ணீர், காற்று சுலைகாவின் பொறுப்பு. அவள் காயல்பட்டினத்துக்காரி. எங்கள் இருவரில் யாரும் மருத்துவர் இல்லை. மருத்துவர் பூமியில் இருக்கிறார்: டாக்டர் சவரிமுத்து. நாங்கள் பேசுவது அவருக்குப் போய்ச் சேர இருபத்தொரு நிமிடம் ஆகும்.
அழுத்தம் சரி. முருங்கைக் கன்றுகள் முழங்கால் உயரம். தக்காளியில் இலைச் சுருட்டல் நின்றது.
தண்ணீர் மறுசுழற்சிக் குழாயில் செந்நிறக் கசடு. சுலைகா வடிகட்டியைக் கழற்றிச் சுத்தம் செய்தாள். தகட்டு விளிம்பு வலது உள்ளங்கையைக் கிழித்தது. நான்கு தையல். நான்தான் போட்டேன்.

நாள் 411, 07:40
சுலைகாவுக்குக் காய்ச்சல். 39.4. கை வீங்கியிருக்கிறது. காயத்தைச் சுற்றிக் கருஞ்சிவப்பு. நுண்ணுயிர்க்கொல்லி மருந்து தொடங்கினேன். விதிப்படி அவளைப் பின்கூடத்தில் தனிமைப்படுத்தினேன். உணவும் மருந்தும் கொடுக்க மட்டும் முகக்கவசத்தோடு உள்ளே போகிறேன். மற்ற நேரம் கண்ணாடிக் கதவுக்கு இந்தப் பக்கம். பேச்சு உள்தொடர்பு ஒலிபெருக்கி வழியாக.

07:55. உள்தொடர்பு, சுலைகா: "என்னடி அப்படி பாக்குற? நான் என்ன மீன் தொட்டியில இருக்குற மீனா? போய் வேலையப் பாரு."

நாள் 412, 10:30
பூமியிலிருந்து குரல். டாக்டர் சவரிமுத்து: "கோதை, பயப்படாதம்மா. மருந்து சரியாத்தான் குடுத்திருக்க. ரத்தத்தை எடுத்து மெஷின்ல போட்டு ரிசல்ட்டை அனுப்பு. ஒண்ணு ஞாபகம் வச்சுக்கோ, நாளைக்குச் சாயங்காலத்துக்கு மேல நமக்கு நடுவுல சூரியன் வந்துரும். ரெண்டு வாரம் பேச முடியாது. அதுக்கு முன்னாடி நான் எல்லாத்தையும் எழுதி அனுப்பிடுறேன்."
இரத்தம் எடுத்தேன். ஓடும் இரத்தத்தில் இரும்பு மிக மிகக் குறைவு. சேமிப்பு இரும்பின் அளவோ உச்சத்தில். ஒன்றுக்கொன்று பொருந்தவில்லை. இரண்டாவதைக் கருவியின் கோளாறு என்று குறித்தேன். முடிவுகளை அனுப்பினேன்.

நாள் 413, 17:20
கடைசிச் செய்தி வந்தது. எழுத்து வடிவில். சூரியனின் இரைச்சலில் பாதிக்கு மேல் அழிந்துவிட்டது. வந்தது இவ்வளவுதான்:
"கோதை, இப்போது அவளுக்கு முக்கியம் ஊட்டத் தடுப்பாற்றல். அதுதான் அவளைக் காப்பாற்றும். அதைக் காத்துக்கொள். இரத்தத்தில் இரும்புச்சத்து குறை"
அவ்வளவுதான். நான்கு முறை மறுபடி அனுப்பச் சொல்லிக் கேட்டேன். இரைச்சல் மட்டும்.

நாள் 414, 12:00
தொடர்பு இல்லை. சுலைகாவுக்கு 39.8. அரைக் கிண்ணம் கஞ்சிதான் குடித்தாள்.
ஊட்டத் தடுப்பாற்றல். சொல்லைத் தாளில் எழுதி வைத்துப் பார்த்தேன். என் துறைச் சொல்லாகத்தான் தெரிகிறது. நல்ல ஊட்டம் இருந்தால் நோயைத் தடுக்கும் ஆற்றல் வரும். இதைத்தானே படித்தேன், இதற்குத்தானே என்னை இங்கே அனுப்பினார்கள். இரும்புச்சத்து குறைந்திருக்கிறது, அதை ஈடுகட்டு என்று எழுத வந்திருக்கிறார். வேறென்ன இருக்க முடியும்?
மருந்துப் பெட்டியில் நரம்பு வழி ஏற்றும் இரும்பு மருந்து ஆறு குப்பிகள். முருங்கைக்கீரையும் பறித்து வைத்தேன்.

நாள் 415, 08:30
முதல் குப்பியை ஏற்றினேன். அதற்கு முன் சுலைகா கேட்டதை அப்படியே எழுதுகிறேன். "டாக்டர் சொன்னாரா?"
"ஆமா, சொன்னாரு" என்றேன்.
கையை நீட்டினாள்.

நாள் 416, 09:00
38.6. முகத்தில் இரத்த ஓட்டம் தெரிகிறது. கீரைச் சாற்றைக் கரண்டியால் ஊட்டினேன். முழுவதும் குடித்தாள்.
09:40. உள்தொடர்பு, சுலைகா: "எங்க உம்மா மட்டும் இதப் பாத்தா உன்னை விடமாட்டா. எனக்குக் கீரை குடுக்குறதுக்கு அவ வீடு பூரா தொரத்துவா. நீ கண்ணாடிக் கூண்டுல அடைச்சு வச்சுல்ல குடுக்குற."
இன்று சிரித்தேன். இரண்டாவது குப்பி 15:00 மணிக்கு.

நாள் 418, 11:10
40.3. வீக்கம் முழங்கையைத் தாண்டிவிட்டது. நேற்றுவரை கோடாக இருந்த சிவப்பு இன்று படர்ந்து கறுத்திருக்கிறது. மருந்தளவை உச்சத்துக்கு ஏற்றினேன். போதவில்லை போலும். இரும்பும் போதவில்லை போலும். மூன்றாவது குப்பி.
பின்னால் வருபவருக்காக ஒன்று சொல்ல வேண்டும். நான் தயங்கவில்லை. நல்லது செய்கிறேன் என்று முழு நிச்சயத்தோடு செய்தேன்.

நாள் 419, 13:00
நான்காவது.
உள்தொடர்பு, சுலைகா: "கோதை… வாயில இரும்பு ருசி. ஆணியைச் சப்புற மாதிரி இருக்கு. இன்னைக்கு வேண்டாமே?"
"இன்னும் ரெண்டே நாள். அப்புறம் சரியாயிரும்" என்றேன்.

நாள் 420, 14:20
சுலைகா இறந்தாள்.
உள்ளே இருந்தேன். முகக்கவசம் அணியவில்லை. இடது கையைப் பிடித்திருந்தேன். கடைசி ஒரு மணி நேரம் அவள் பேசியது என்னிடம் அல்ல. யாரையோ லாத்தா, லாத்தா என்று அழைத்துக்கொண்டிருந்தாள். ஊரில் அவளுக்கு ஓர் அக்கா உண்டு. நான் "ம்" கொட்டினேன்.

நாள் 421, 06:30
உடலை வெளியே குளிர்க் கிடங்கில் வைத்தேன். அவள் தொழுகை விரிப்பைப் போர்த்தினேன். அது சரியா தவறா என்று எனக்குத் தெரியாது. கேட்க யாருமில்லை.
07:00. நிலையத்தின் அறிவிப்புகள் எல்லாம் சுலைகாவின் குரலில். வந்த புதிதில் எந்திரக் குரல் எரிச்சலாக இருக்கிறது என்று அவளே பேசிப் பதிந்தவை. "காலை ஏழு மணி. அழுத்தம் சரியா இருக்கு. எல்லாரும் எந்திரிங்க."
எல்லாரும்.

நாள் 423, 07:00
"எல்லாரும் எந்திரிங்க."
அணைக்கும் கட்டளை எங்கே என்று அவளுக்குத்தான் தெரியும்.

நாள் 426, 16:00
தண்ணீர் வரத்து பாதியாகிவிட்டது. அதே வடிகட்டி. கையேட்டைப் பார்த்து நானே மாற்றினேன். மூன்று மணி நேரம். இடது கையுறை கிழிந்திருந்ததைக் கழற்றும்போதுதான் பார்த்தேன். சுண்டுவிரலில் சிறு கீறல்.
நேற்றும் இன்றும் பின்கூடத்து விளக்கு எரிந்துகொண்டிருந்தது. இருமுறையும் நான்தான் போட்டிருக்க வேண்டும். கஞ்சியும் இரண்டு கிண்ணம் எடுத்து வைத்திருக்கிறேன்.

நாள் 428, 08:15
எனக்குக் காய்ச்சல். 39.1. விரல் வீங்கிவிட்டது. சுலைகா எடுத்த அதே மருந்தை, அதே அளவில் தொடங்கினேன்.

நாள் 430, 10:50
39.9. நிற்க முடியவில்லை. என் இரத்தத்தையும் பார்த்தேன். ஓடும் இரும்பு மிகக் குறைவு. சேமிப்பு உச்சத்தில். சுலைகாவுக்கு வந்த அதே இரு எண்கள். கருவிக்குக் கோளாறு எதுவும் இல்லை.
இரண்டு குப்பிகள் மிச்சம். ஒன்றை உடைத்து ஊசியில் ஏற்றி மடியில் வைத்திருக்கிறேன். நரம்பு அகப்படவில்லை. சற்றுப் பொறுத்து மீண்டும் முயல்வேன்.

11:15. தொடர்பு விளக்கு பச்சை. செய்தி வருகிறது. பதினேழு நாளுக்கு முன் அனுப்பியது, முழுதாக. அப்படியே பதிகிறேன்:
"கோதை, இப்போது அவளுக்கு முக்கியம் ஊட்டத் தடுப்பாற்றல். அதுதான் அவளைக் காப்பாற்றும். அதைக் காத்துக்கொள். இரத்தத்தில் இரும்புச்சத்து குறைந்திருப்பதைப் பார்த்துப் பயப்படாதே. அது இரத்தசோகை அல்ல. அந்தக் கிருமிக்கு இரும்பு வேண்டும், இரும்பு இல்லாமல் அது பெருகாது. அது தெரிந்துதான் உடம்பு தன் இரும்பை எல்லாம் எடுத்து உள்ளே பூட்டி வைத்துக் கிருமியைப் பட்டினி போடுகிறது. சேமிப்பு அளவு உயர்ந்திருப்பது அதனால்தான். காய்ச்சல் முழுதாகத் தணியும்வரை எந்த வடிவிலும் இரும்பு கொடுக்காதே. கீரைகூட வேண்டாம். மருந்தும் அவள் உடம்பும் பார்த்துக்கொள்ளும். நம்பிக்கையோடு இரு."

11:40. ஊசி இன்னும் மடியில்.

12:05. ஊட்டத் தடுப்பாற்றல். ஊட்டத்தால் வரும் தடுப்பு என்று படித்தேன். ஊட்டத்தைத் தடுக்கும் ஆற்றல். பிரித்த இடம் தப்பு. பள்ளிக்கூடத்தில் வேற்றுமைத்தொகை நடத்தும்போது தமிழாசிரியர் சொல்வார், உருபு மறைந்திருக்கும், இடம் பார்த்து விரிக்க வேண்டும் என்று. ஓர் உருபு. ஆல். ஐ.
அவள் உடம்பு பூட்டிப் பூட்டி வைத்தது. நான் நாள்தோறும் திறந்துவிட்டேன். கிருமிக்குக் கரண்டியால் ஊட்டினேன்.

12:30. ஊசியை உடைத்தேன். கடைசிக் குப்பியையும். பூமிக்கு எழுதினேன்: "சுலைகா நாள் 420இல் இறந்தாள். நான் நான்கு குப்பி இரும்பு ஏற்றினேன். எனக்கும் அதே காய்ச்சல். இனி ஏற்றமாட்டேன்."

நாள் 430, 13:20
டாக்டர் சவரிமுத்து, குரல்: "கோதை… இது உன் தப்பு இல்லம்மா. முதல் வரியிலேயே 'இரும்பு குடுக்காத'ன்னு ரெண்டு வார்த்தை எழுதியிருக்கணும் நான். பாடம் நடத்துற மாதிரி பெரிய சொல்லைத் தூக்கி முன்னால வச்சேன். நாப்பது வருஷ டாக்டர். இப்ப நீ மருந்தை மட்டும் எடு. தண்ணி குடி. வெறும் கஞ்சி. இரும்பு எண் ஏறலையேன்னு பாக்காத. அது கீழ இருக்குற வரைக்கும் உன் உடம்பு சண்டை போடுதுன்னு அர்த்தம்."

நாள் 432
40.1. நேரம் பார்க்கவில்லை. இரும்பு இன்னும் இறங்கியிருக்கிறது. நல்லது. பின்கூடத்தில், கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நான் படுத்திருக்கிறேன். அந்தப் பக்கம் யாரும் இல்லை. இருந்தால் இரங்கி எதையாவது கொடுத்திருப்பார்கள். அதற்கும் இடமில்லை. பசிக்கிறது. கீரை வாசம் வருகிறது. எழுந்து போகக்கூடாது என்று காலைக் கட்டிலோடு கட்டிக்கொண்டேன்.

நாள் 433
சுலைகா வந்து லேசாகச் சிரித்தாள். கையைக் காட்டினாள். தையல் நன்றாகத்தான் போட்டிருந்தேன். பிரியவில்லை.
டாக்டர் சொன்னாரா, என்று கேட்டாள்.
சொல்லவில்லை. சொல்லவில்லை. சொல்லவில்லை. நான்தான் சொன்னேன்.

நாள் 436, 09:00
38.2. வீக்கம் மணிக்கட்டிலேயே நின்றுவிட்டது.

நாள் 441, 08:00
காய்ச்சல் இல்லை. மூன்று நாளாக இல்லை. இரத்தத்தில் இரும்பு தானாகவே ஏறத் தொடங்கியிருக்கிறது. நான் எதுவும் கொடுக்கவில்லை. பூட்டியதை உடம்பே திறந்துவிடுகிறது.
மருத்துவக் குழு வாழ்த்து அனுப்பியிருக்கிறது. அவர்களுக்குப் புரியவில்லை. அதே குழாய், அதே கிருமி, அதே மருந்து, அதே அளவு. நான் இளைத்தவள், சுலைகா திடமானவள். எங்களுக்குள் இருந்த வித்தியாசம் ஒன்றே ஒன்று. அவளைக் கவனித்துக்கொள்ள ஒருத்தி இருந்தாள்.
பிழைத்துவிட்டேன். நான் மூச்சு விடும் ஒவ்வொரு நாளும், அவளைச் சும்மா விட்டிருந்தால் இருந்திருப்பாள் என்பதற்குச் சான்று.

நாள் 443, 15:10
டாக்டர் சவரிமுத்து: "சுலைகா குடும்பத்துக்குக் கிருமித் தொற்றுன்னு மட்டும் சொல்லியிருக்கோம். அது பொய்யும் இல்ல. அவ அக்கா உங்கிட்ட பேசணும்னு பதிஞ்சு அனுப்பியிருக்காங்க. கேக்கணும்னு கட்டாயம் இல்ல கோதை."

15:14. கேட்டேன்.
"கோதைம்மா, நான் சுலைகாவோட லாத்தா, ரஹ்மத் பேசுறேன். உங்களுக்கும் முடியாம இருந்து இப்பத் தேறிட்டீங்கன்னு சொன்னாங்க. அல்ஹம்துலில்லாஹ். டாக்டர் எல்லாத்தையும் சொன்னாரு. கடைசி வரைக்கும் நீங்கதான் பக்கத்துல இருந்து கரண்டியால ஊட்டுனீங்களாம். எங்க உம்மாவுக்கு அது ஒண்ணுதான் ஆறுதல். 'எம்புள்ள பசியோட போவல'ன்னு அதையே சொல்லிச் சொல்லி அழுவுறா. நாங்க பக்கத்துல இல்லாத குறைய நீங்க தீத்துட்டீங்க. உங்களுக்கு நாங்க என்ன செய்யப்போறோம்…"

15:30. பதில் பதியத் தொடங்கினேன். "லாத்தா" என்றேன். அழித்தேன்.
15:50. மறுபடி. அழித்தேன்.
16:20. டாக்டர் சொன்னது நினைவிருக்கிறது. பொய்யும் இல்லை. அந்தத் தாய்க்கு ஓர் ஆறுதல் இருக்கிறது, அதை இவ்வளவு தொலைவிலிருந்து கை நீட்டிப் பிடுங்க வேண்டுமா? பிடுங்காவிட்டால் அவர்கள் ஒவ்வொரு தொழுகையிலும் எனக்காகக் கேட்பார்கள்.
சுலைகா என்னிடம் ஒரு கேள்விதான் கேட்டாள். அதற்கு நான் உண்மை சொல்லவில்லை.

16:45. அனுப்பிவிட்டேன். "லாத்தா, அவளுக்கு வந்த நோய் தீர்ந்திருக்கும். நான் குடுத்த ஊசிதான் நோயை வளத்தது. டாக்டர் சொல்லாததைச் சொன்னார்னு சொல்லிக் குடுத்தேன். தெரியாமத்தான் செஞ்சேன். ஆனா செஞ்சது நான். கடைசியா அவ உங்களைத்தான் கூப்பிட்டா."

17:06. போய்ச் சேர்ந்திருக்கும்.
17:27. பதில் வரக்கூடிய முதல் நேரம். வரவில்லை.
18:00. வரவில்லை.
18:31. ஒலி வந்தது. அவர்கள் வீட்டிலிருந்து. மூச்சு மட்டும். நாற்பது நொடி. இடையில் எங்கோ குக்கர் சத்தம். பிறகு தூரத்தில், வேறு அறையிலிருந்து போல, வயதான ஒரு பெண் குரல்:
"யாரு, அந்தப் புள்ளையா? சாப்புட்டாளான்னு கேளு."
பதிவு அங்கே முடிகிறது.