மூன்றாம் இடத்துக்கான ஆட்டம்

கெப்ரதியாஸ்,
ஞாயிற்றுக்கிழமை காலை

என் அன்பு மகள் இவெலிஸுக்கு, அம்மா மிர்த்தா எழுதிக்கொள்வது. இங்கே நானும் அப்பாவும் சௌக்கியம். என் முழங்கால் மட்டும் சௌக்கியமில்லை, அது என் பேச்சைக் கேட்பதை விட்டு எத்தனையோ காலம் ஆகிறது. நீ மணிலாவிலிருந்து சரகோசாவில் உன் வீட்டுக்குத் திரும்பி, பெட்டியைக்கூடத் திறக்காமல் கட்டிலில் விழுந்து, நன்றாகத் தூங்கி எழுந்த பிறகு இந்தக் கடிதம் உன் கையில் கிடைக்க வேண்டும் என்பது என் ஆசை. தினமும் தொலைபேசியில் பேசுகிறவள் எதற்காகக் கடிதம் எழுதுகிறாள் என்று நினைப்பாய். நாம் பேசும்போது உன் அப்பா காதைத் தீட்டிக்கொண்டு பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறாரே, அவரை வைத்துக்கொண்டு அவரைப் பற்றி எப்படிச் சொல்வது? இப்போது அவர் ஒப்துலியோவின் ரொட்டிக்கடையில் இருக்கிறார். இறுதி ஆட்டம் தொடங்க இன்னும் நேரம் இருக்கிறது. அடுப்பில் பீன்ஸை வைத்துவிட்டு வந்துவிட்டேன் என்று ஒரு பொய்யைச் சொல்லிவிட்டு வீட்டுக்கு வந்து எழுத உட்கார்ந்திருக்கிறேன்.

வீட்டில் புதிதாக ஒன்றும் இல்லை. கரண்ட் வழக்கம்போல வருகிறது, போகிறது. கொல்லையில் அவகாடோ மரம் இந்த வருடம் காய்த்துக் கொட்டுகிறது, தெரு முழுக்கக் கொடுத்தும் தீரவில்லை. பக்கத்து வீட்டு நெரெய்தாவுக்கு ஒரு பை நிறையக் கொடுத்தேன், அவள் அதை மறந்துவிட்டு அடுத்த வாரம் எனக்கே நான்கு பழம் பரிசாகக் கொண்டுவந்து கொடுத்தாள், நானும் வாங்கி வைத்துக்கொண்டேன். அப்பாவுக்குச் சர்க்கரை கொஞ்சம் ஏறியிருக்கிறது. ரொட்டிக்கடையே கதி என்று கிடந்தால் ஏறாமல் என்ன செய்யும்? பாலாடைக்கட்டி வைத்த அந்த இனிப்பு ரொட்டியை ஒப்துலியோ காகிதத்தில் சுற்றிக் கொடுப்பதும், இவர் வேனில் உட்கார்ந்து தின்பதும் எனக்குத் தெரியாது என்று இரண்டு பேரும் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். நீ ஒரு வார்த்தை சொல்லிவை. நான் சொன்னால் அவருக்கு ஏறாது.

நீ நடுவராகப் போகிற உலகக் கூடைப்பந்துப் போட்டியின் அட்டவணை வந்த நாளிலிருந்து இந்த வீட்டில் வேறு பேச்சே கிடையாது. அப்பா அதைப் பெரிய தாளில் அச்சடித்து வாங்கி ஃப்ரிட்ஜ் கதவில் ஒட்டினார். ஒட்டிவிட்டு அவருக்கு ஒரு சந்தோஷம். மணிலாவுக்கும் நமக்கும் சரியாகப் பன்னிரண்டு மணி நேர வித்தியாசம், அங்கே ஏழரை என்றால் இங்கேயும் ஏழரை, கடிகாரத்தைத் தொடவே வேண்டாம் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தார். உன் முதல் ஆட்டம் ஏழரைக்கு. சாயங்காலம் ரொட்டிக்கடையில் நாற்காலி எல்லாம் போட்டு, தெருவே திரண்டு வந்து, நான் குளித்துப் புதுச் சட்டை போட்டுக்கொண்டு போய் உட்கார்ந்து, தொலைக்காட்சியைப் போட்டால் ஒரு அம்மாள் மீன் பொரித்துக்கொண்டிருக்கிறாள்! அங்கே சாயங்காலம் என்றால் இங்கே காலை என்பது அந்த மனுஷருக்குத் தோன்றவே இல்லை. உன்னிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம், கேட்டால் கௌரவம் என்ன ஆவது? நாங்கள் மீன் வறுவலைப் பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில் நீ ஆட்டம் முடித்துத் தூங்கி எழுந்து மறுநாள் காப்பி குடித்துக்கொண்டிருந்திருப்பாய். பட்டறைக்காரன் கேக்கோ இருக்கிறானே, அவன் வாய் சும்மா இருக்குமா? அன்றிலிருந்து அப்பாவை எங்கே பார்த்தாலும், எலியுத் அண்ணே, இப்ப குட் மார்னிங் சொல்றதா குட் ஈவ்னிங் சொல்றதா என்றுதான் கேட்கிறான்.

ஊரில் எல்லா வீட்டிலும் நம் அணி ஆடும் ஆட்டங்களைச் சுற்றிச் சிவப்பு வட்டம். நம் வீட்டில் அதற்கு நேர்மாறு. சொந்த நாட்டு ஆட்டத்தில் நடுவர் நிற்கக் கூடாது என்பது உங்கள் விதியாயிற்றே, அதனால் நம் அணி இல்லாத ஆட்டத்துக்கெல்லாம் அப்பா வட்டம் போட்டார். அதிலும் யார் விசில் ஊதப் போகிறார்கள் என்பதை முந்தின நாள்தானே சொல்கிறார்கள், ஆகவே லித்துவேனியாவும் ஜோர்டானும் ஆடுவதற்கு ஒரு வட்டம், செர்பியாவுக்கும் அங்கோலாவுக்கும் ஒரு வட்டம். நெரெய்தா அதைப் பார்த்துவிட்டு, நீங்க ரெண்டு பேரும் நாடு மாறிட்டீங்களா என்று கேட்டாள். பெயர் வாயில் நுழையாத ஆட்டக்காரர்களை எல்லாம் உனக்காக நான் பார்த்தேன் கண்ணு. அவர்கள் பந்தை வைத்துக்கொண்டு என்ன செய்தார்கள் என்று கேட்டால் எனக்குத் தெரியாது. நீ எந்தப் பக்கம் ஓடினாய், எத்தனை தடவை தண்ணீர் குடித்தாய், அதுதான் தெரியும்.

கால் இறுதி முடிந்த அன்று நீ சொன்னது எனக்கு ஒரு வார்த்தை விடாமல் நினைவிருக்கிறது. உங்கள் நடுவர்களுக்கெல்லாம் மேலே இருக்கும் அந்த அம்மாள், இந்தத் தொடரில் உன்னைப்போல ஊதினவர்கள் யாரும் இல்லை, உன் நாடு அரையிறுதியில் தோற்றால் இறுதி ஆட்டம் உனக்குத்தான் என்றாள் என்று சிரித்துக்கொண்டே சொன்னாய். அந்தச் சிரிப்பு எனக்குத் தெரியாதா? பள்ளிக்கூட மைதானத்தில் ஒரு பெண் ஊதினால் நாங்கள் நிற்க வேண்டுமா என்று பையன்கள் பந்தைத் தூக்கிக்கொண்டு போனபோதும் நீ அப்படித்தான் சிரித்தாய், சிரித்துவிட்டு வீட்டுக்கு வந்து சாப்பிடாமல் படுத்தாய். அப்படிப்பட்டவள் கடல் தாண்டிப் போய் இத்தனை பேருக்கு நடுவில் நின்று பந்தைத் தூக்கிப் போட்டு இறுதி ஆட்டத்தைத் தொடங்கிவைக்கப் போகிறாள் என்றால், பெற்றவளுக்கு அது எப்படி இருக்கும்! ஆனால் நம் பையன்களும் இப்படி ஆடி என் ஆயுசில் நான் பார்த்ததில்லை. ஊரே பைத்தியம் பிடித்து ஆடிக்கொண்டிருக்கிறது. நம் நாடு தோற்கட்டும் என்று இந்த ஊரில் வாயைத் திறந்து சொன்னால் ஒப்துலியோ எனக்கு ரொட்டி கொடுப்பானா? நம் ஊர்ப் புனிதர் சான் ரஃபாயேலுக்கு ஒரு மெழுகுவர்த்தி ஏற்றினேன். எதற்காக என்று மட்டும் சொல்லவில்லை, அவரே புரிந்துகொள்ளட்டும் என்று விட்டுவிட்டேன்.

அரையிறுதி நடந்த வெள்ளிக்கிழமை காலையில் ஊரில் ஒருவரும் வேலைக்குப் போகவில்லை. ரொட்டிக்கடையில் நிற்க இடமில்லை. அப்பா அணியின் சட்டையைப் போட்டுக்கொண்டு முதல் வரிசையில் உட்கார்ந்திருந்தார், ஆனால் கத்தவில்லை. வயிற்றுக்கு ஏதோ ஆகிவிட்டது, இனிப்பு ரொட்டி வேலையைக் காட்டுகிறது என்றுதான் நான் நினைத்தேன். கடைசியில் நாம் ஒரு புள்ளி பின்னால், நேரமே இல்லை, நம் பையனுக்கு இரண்டு ஃப்ரீ த்ரோ. கடையில் எல்லோரும் ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டார்கள். என் கையை நெரெய்தா பிடித்துக்கொண்டு ஆண்டவரே போட வை, ஆண்டவரே போட வை என்கிறாள். நான் கண்ணை மூடிக்கொண்டு, சான் ரஃபாயேலே, இரண்டும் தவறட்டும் என்று கேட்டேன். கேட்டேன், இவெலிஸ், அவள் கையைப் பிடித்துக்கொண்டே கேட்டேன். இரண்டும் உள்ளே போயின. கூரை பிய்த்துக்கொண்டு போகிற மாதிரி ஒரு சத்தம். எல்லோரும் தெருவுக்கு ஓடி ஆடுகிறார்கள், ஒப்துலியோ மாவைக் கை நிறைய அள்ளி எல்லோர் தலையிலும் போடுகிறான், உன் அப்பாவை மட்டும் காணோம்.

வேனில் உட்கார்ந்திருந்தார். நான் போய்ப் பக்கத்தில் ஏறி உட்கார்ந்தேன். ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டே, "மிர்த்தா, அந்த ரெண்டாவது பந்து போகக் கூடாதுன்னு நெனச்சுட்டேன்டி. யார்கிட்டயும் சொல்லித் தொலைச்சுடாத" என்றார். நான் இரண்டு பந்துமே போகக் கூடாது என்று வேண்டிக்கொண்டேன் என்றேன். இரண்டாவது மட்டும் தவறியிருந்தால் சமநிலைதானே, கூடுதல் நேரம் கொடுத்திருப்பார்கள், துரோகத்தைக்கூட உருப்படியாகச் செய்யத் தெரியவில்லையே உமக்கு என்று கேட்டேன். சிரிக்க ஆரம்பித்தவர் அழுதுவிட்டார், நானும்தான். வெளியே கேக்கோ எங்களைப் பார்த்துவிட்டு ஆனந்தக் கண்ணீர் என்று நினைத்துக்கொண்டு வேனை ஓங்கி ஓங்கித் தட்டினான்.

அன்றைக்கு நீ கூப்பிட்டாய். நம்ம ஊரு ஜெயிச்சிருச்சும்மா, எனக்கு மூணாவது இடத்துக்கான ஆட்டம் குடுத்திருக்காங்க என்றாய். நான் ரொம்ப நல்லது என்றேன். நீ நன்றி என்றாய். கடைக்காரரும் வாடிக்கைக்காரரும் மாதிரி பேசிவிட்டு வைத்தோம். வைத்த பிறகு எனக்கு என் மேலேயே கோபம் வந்தது. ஒரு வார்த்தை ஆறுதலாகச் சொல்ல வரவில்லையே என்று இரண்டு நாளாக அரித்துக்கொண்டிருந்தது, அதனால்தான் இந்தக் கடிதம்.

மூன்றாம் இடத்துக்கான ஆட்டத்தை யார் பார்ப்பார்கள்? தோற்றவர்கள் இரண்டு பேர், அதிலும் லித்துவேனியாவும் ஆஸ்திரேலியாவும். அதுவும் இங்கே கோழி கூவாத நேரத்தில். அப்பா நேற்று ரொட்டிக்கடையில் நின்று, ஃபைனலுக்கு எப்படியும் வரப்போறீங்க, என் பொண்ணு ஊதற ஆட்டத்துக்கும் வாங்க என்று எல்லோரிடமும் சொன்னார். கேக்கோ, அண்ணே, நீங்க சொல்ற நேரத்தை நம்பி வந்தா மறுபடியும் மீன்தான் பொரிப்பாங்க என்றான். எல்லோரும் சிரித்தார்கள், வருகிறேன் என்று ஒருவரும் சொல்லவில்லை. இன்று இருட்டில் நாங்கள் இரண்டு பேர் மட்டும் உட்கார்ந்து பார்ப்பதாக நினைத்துத்தான் போனோம். போனால் முதல் ரொட்டி அடுப்பிலிருந்து வருகிறது, கடை நிறைந்திருக்கிறது. நெரெய்தா தலைமுடியைச் சுருட்டிவைத்த கிளிப்புகளோடு வந்திருக்கிறாள். கேக்கோ முன்னால் உட்கார்ந்திருக்கிறான். எல்லோரும் இறுதி ஆட்டத்துக்காக அணியின் சட்டை போட்டிருக்க, உன் அப்பா மட்டும் வெறும் வெள்ளைச் சட்டை. ஏன் அண்ணே என்று கேக்கோ கேட்டதற்கு, "ரெஃப்ரிக்கு டீம் கிடையாது. ரெஃப்ரியோட அப்பனுக்கும் கிடையாது" என்றார்.

நீ பந்தைத் தூக்கிப் போட்டபோது கை தட்டினார்கள். அதற்குப் பிறகு நீ ஊதினபோதெல்லாம் தட்டினார்கள். யாருக்கு ஃபவுல், எதற்கு ஃபவுல், அதெல்லாம் யாருக்கு வேண்டும்? அந்த உயரமான லித்துவேனியாக்காரன் உன்னிடம் கையை விரித்துக்கொண்டு வந்தானே, அவனை இந்தக் கடையே திட்டித் தீர்த்தது. ஆனால் கேக்கோவுக்குச் சும்மா பார்க்க வராது, பாதியில் ஆஸ்திரேலியா பக்கம் சாய்ந்துவிட்டான். முடியப்போகிற நேரத்தில் ஆஸ்திரேலியாக்காரன் எதிராளியை இடித்துத் தள்ளிவிட்டுப் பந்தைப் போட்டான், நீ அது செல்லாது என்று கையைக் காட்டினாய். நம் ஊரில் நடுவரைத் திட்டுவதற்கு முன்னால் யாரைத் திட்டுவார்கள் என்று உனக்கே தெரியும். கேக்கோ நாற்காலி விழ எழுந்து, "அந்த ரெஃப்ரியோட அம்மா..." என்று ஆரம்பித்தான். ஆரம்பித்தவன் அப்படியே நின்றுவிட்டான். எல்லோரும் என்னைப் பார்க்கிறார்கள். நான் காப்பியைக் கீழே வைத்துவிட்டு, "சொல்லுப்பா, இங்கதான் இருக்கேன்" என்றேன்.

சிரித்த சிரிப்பில் ஒப்துலியோ ஒரு தட்டு ரொட்டியைக் கருக விட்டான். கேக்கோ வந்து என் கையில் முத்தம் கொடுத்து மன்னிப்புக் கேட்டான், காதெல்லாம் சிவந்துவிட்டது பாவம். அதற்குள் அங்கே திரும்பப் போட்டுக் காட்டினார்கள், நீ சொன்னதுதான் சரி. ஆட்டம் முடிந்து இரண்டு அணித் தலைவர்களும் வந்து உன் கையைக் குலுக்கினார்கள். நீ தோள்பட்டையில் முகத்தைத் துடைத்துக்கொண்டாய். கடையில் அத்தனை பேரும் எழுந்து நின்றார்கள், உன் அப்பா எழுந்திருக்கவில்லை, மேசையில் இரண்டு கையையும் ஊன்றிக்கொண்டு ஊர் பார்க்க அழுதார். அப்புறம் முகத்தைக் கழுவிக்கொண்டு வேனுக்குப் போய் அணியின் சட்டையை மாட்டிக்கொண்டு வந்தார். வந்து ஒரு கத்தல் கத்தினார் பார், அவர் தொண்டை இன்னும் அப்படியே இருக்கிறது! என் காதருகே குனிந்து, "இப்ப ஜெயிக்கட்டும் மிர்த்தா. இப்ப ஜெயிச்சா எனக்கு ஒண்ணும் இல்ல" என்றார்.

இறுதி ஆட்டம் கிடைக்கவில்லையே என்று உனக்கு வருத்தம் இருக்கும். இருக்கட்டும், எனக்கும் இருக்கிறது, அதை என்னிடம் சிரித்து மறைக்காதே. கூப்பிட்டு அழ வேண்டும் என்றால் அழு, நான் அப்பாவை வெளியே அனுப்பிவிட்டுப் பேசுகிறேன். வேனில் நடந்ததை நான் எழுதினேன் என்று அவரிடம் காட்டிக்கொள்ளாதே. கணுக்காலுக்கு ஐஸ் வைக்க மறக்காதே, விமானத்தில் காலை மடக்கிக்கொண்டே உட்காராதே. வாசலில் ஹாரன் அடிக்கிறார், பீன்ஸ் வெந்ததா என்று தெரு கேட்கக் கத்துகிறார், நான் போக வேண்டும். கடவுள் உன்னை ஆசீர்வதித்துக் காக்கட்டும், கன்னி மரியாள் நீ ஓடுகிற பக்கமெல்லாம் கூட ஓடி வரட்டும், மகளே.

உன்னை ஆயிரம் முத்தங்களோடு அணைத்துக்கொள்ளும்,
ரெஃப்ரியோட அம்மா,
மிர்த்தா