படப்பிடிப்பில் ஒரு காலித் தட்டு

போஸ்னான்,
டிசம்பர் 19

அன்புள்ள உனக்கு,

(கை தானாக அப்படி எழுதிவிட்டது. அடித்துத் திருத்த மனமில்லை.)

நம் அரங்கில் அந்தப் பழைய கிறிஸ்துமஸ் கதையைப் புது ஓபராவாக்கிப் படம் பிடிக்கிறார்கள். விட்டுப்போன கணவனுக்காகத் தட்டு வைத்துக் காத்திருக்கும் மனைவி வேடம் எனக்குத்தான். வாத்திய இசையை முன்பே பதிந்துவிட்டார்கள். அது என் காதுக்குள் ஒலிக்க, நான் பாடவேண்டும். மேடைக்குக் கீழே, நீ நின்று வாத்தியக் குழுவை நடத்திய இடத்தில், யாருமில்லை.

மூன்று முறை இயக்குநர் மால்வினா நிறுத்தினாள்.

"அக்கா, தட்டைப் பாக்கச் சொன்னா கீழ எதைப் பாக்குறீங்க? அங்க ஒண்ணுமே இல்லையே!"

"பழக்கதோஷம்மா," என்றேன்.

இருபத்திரண்டு வருஷம் உன் இடது கை உயர்ந்த பிறகுதான் மூச்சை இழுத்திருக்கிறேன். "மூச்சு விடவும் நான்தான் சொல்லணுமா?" என்று ஒத்திகையில் கத்துவாயே! ஆமாம், நீதான் சொல்லவேண்டியிருந்தது.

நான்காம் முறையும் கண் கீழேதான் போனது. மால்வினா நிறுத்தவில்லை. பாட்டு முடிந்ததும் மூக்கைச் சிந்திக்கொண்டு, "இதுவே இருக்கட்டும்க்கா," என்றாள்.

உன் புது வீட்டைப் பற்றி நான் கேட்கப்போவதில்லை. சூப்புக்குப் பீட்ரூட்டைப் புளிக்கப் போட்டுவிட்டேன், வழக்கம்போல் இரண்டு பேருக்கு.

கிறிஸ்துமஸுக்கு முந்தின நாள் சாப்பாட்டு மேஜையில், நம் ஊர் வழக்கப்படி, கூடுதல் தட்டும் இருக்கும். அது, சொல்லாமல் வரும் அந்நியருக்கு. நீ போய் மூன்று வருஷமாயிற்று, நீயும் இப்போது அந்நியன்தானே.

தாராளமாக வரலாம்.

இப்படிக்கு,
இன்னும் கீழேயே பார்க்கிறவள்