கடைசிக் கோட்டையைப் பிடித்தவர் யார்

என் மாமாவுக்கு,

ஏனுங்க. கல்யாணமாகி இருபத்தாறு வருஷமாக உங்களைக் கூப்பிட எனக்கு வேறு சொல் இருந்ததில்லை. கடிதம் என்பதற்காக இப்போது புதிதாக ஒன்றைத் தேடப்போவதில்லை. நீங்கள் போய் ஏழு மாதம் ஆகிறது. இறந்தவர்கள் கடிதம் படிப்பார்கள் என்று நான் நம்பவில்லை, அது உங்களுக்கும் தெரியும். ஆனாலும் எழுதுகிறேன், அதையும் அச்சில் வரும்படி எழுதுகிறேன். இந்தப் பத்திரிகை கிணத்துக்கடவு நூலகத்துக்கு வருகிறது. என் தம்பி செல்வராஜ் தினமும் தோப்புக்குப் போகிற வழியில் அங்கே நின்று படித்துவிட்டுப் போகிறவன். படிக்கட்டும்.

முதலில் வீட்டுச் செய்தி. உங்கள் கம்ப்யூட்டர் நன்றாக இருக்கிறது. மில் ஆபீசில் கழித்துக் கட்டியதை நீங்கள் ஆட்டோவில் மடியில் வைத்துக் கொண்டுவந்தபோது, “அம்பது தாண்டின பொறவு எதுக்குங்க இது?” என்று கேட்டவள் நான். இப்போது அதன் உறையைத் துவைத்துப் போடுகிறவளும் நான்தான். இரண்டாயிரம் பிறந்தால் தேதி குழம்பி உலகத்துக் கம்ப்யூட்டரெல்லாம் நின்றுவிடுமாம். நம் கவிதாவின் வீட்டுக்காரர் பிரபு அதைச் சரிசெய்கிற வேலைக்குத்தான் அமெரிக்கா போகிறார். அப்புறம், உங்கள் ஆட்டத்தை நான் ஆடக் கற்றுக்கொண்டேன். சிரிக்காதீங்க.

படிக்கிறவர்களுக்கு இதைச் சொல்லியாக வேண்டும். பதினாறு சிப்பாய்களை வைத்துக்கொண்டு ஒரு நாட்டை மீட்கிற ஆட்டம் அது. வரைபடத்தின் மூலையில் எதிரியின் கோட்டை, அதைச் சுற்றி ஒரு சிவப்பு வட்டம். முதல் நாளிலிருந்தே அது மினுக்கிக்கொண்டிருக்கும். எப்போது வேண்டுமானாலும் போகலாம், யாரும் தடுக்க மாட்டார்கள். ஆனால் அதற்கு முன் பாலத்தைக் காப்பது, மருந்து வண்டியைக் கொண்டுபோய்ச் சேர்ப்பது என்று சின்னச் சின்ன வேலைகள் உண்டு. அவற்றில்தான் சிப்பாய் பழகுவான், ஆயுதம் சேரும். ரொம்பவும் தள்ளிப்போட்டால் எதிரியும் ஆள் சேர்த்துவிடுவான். ஆக, எப்போது போவது என்பதில்தான் ஆட்டமே இருக்கிறது.

நீங்கள் பதினாலு மாதம் அந்தப் படையைப் பழக்கினீர்கள். சிப்பாய்களுக்கு மில்லில் உங்களோடு மெயின்டனன்ஸ் பார்த்தவர்களின் பெயர்கள். ஒருநாள் சோற்றைப் பிசைந்துகொண்டே, “ரங்கனுக்கு இன்னும் காயம் ஆறலை” என்றீர்கள். நான் பதறிப்போய், நீங்கள் ஷிப்டுக்குக் கிளம்பியதும் ரொட்டியும் சாத்துக்குடியும் வாங்கிக்கொண்டு நிஜ ரங்கன் வீட்டுக்குப் போனேன். அவர் கதவைத் திறந்து, “வாங்க டீச்சரம்மா, என்னுங்க விசேஷம்?” என்றார். பையைக் கொடுத்துவிட்டு வாயைத் திறக்காமல் வந்துவிட்டேன். இதை உங்களிடம் நான் சொன்னதே இல்லை.

பிறகு உங்கள் இதயத்தில் மூன்று அடைப்பு என்றார் டாக்டர். ஒரு மாதத்துக்குள் ஆபரேஷன் செய்துவிடச் சொன்னார். கவிதாவின் கல்யாணத்துக்கு அப்போது இரண்டு மாதம் இருந்தது. கவிதா செல்வராஜின் ஒரே மகள். நமக்குப் பிள்ளையில்லாததால் பாதி நம் வீட்டில் வளர்ந்தவள். செல்வராஜ் வந்து முன்னறையில் உட்கார்ந்தான். “கல்யாணம் முடியட்டுமுங்க மச்சான். நீங்க ஆஸ்பத்திரில படுத்துக்கிட்டா பந்தல்ல எனக்கு யாருங்க இருக்கறாங்க?” என்றான். நீங்கள் சரி என்றீர்கள். முகூர்த்தக்கால் நட்டதிலிருந்து கடைசிப் பந்தி எழுந்தவரை நின்றீர்கள். கல்யாணம் முடிந்த பதினோராம் நாள் காலையில், பல் தேய்த்துக்கொண்டிருக்கும்போது விழுந்தீர்கள்.

காரியம் முடியும்வரை செல்வராஜ் நம் வீட்டில் தங்கினான். துக்கம் கேட்க வந்தவர்கள் போனபின் பொழுது போகவில்லை அவனுக்கு. உங்கள் நாற்காலியில் உட்கார்ந்து, நீங்கள் பழக்கி வைத்த படையை எடுத்துக்கொண்டு ஒரே மத்தியானத்தில் கோட்டைக்குள் போனான். ஜெயித்தான்.

கருமாதியன்று இலை போட்டு உட்கார்ந்திருந்த சொந்தபந்தத்துக்கு நடுவில் அவன் சொன்னது உள்ளறையில் இருந்த எனக்குக் கேட்டது. “எங்க மச்சான் பாவமுங்க. பதினாலு மாசம் கோட்டை வாசல்லயே நின்னாரு, உள்ள போக தைரியம் வரலை. நான் ஒரு மத்தியானத்துல முடிச்சுப்போட்டேன். ஆபரேசனையும் அப்படித்தான் பயந்துக்கிட்டே தள்ளிப்போட்டாரு, போய்ச் சேந்துட்டாரு.” எல்லோரும் உச்சுக்கொட்டினார்கள். உங்கள் சாவுக்கு உங்கள் பயம்தான் காரணம் என்று அன்றைக்கு ஊரே ஒப்புக்கொண்டு பாயசம் குடித்தது.

அந்த நிமிஷமே எழுந்து போய்க் கேட்டிருக்கலாம். கேட்டிருந்தால் அழுதிருப்பேன். தாலியறுத்தவள் அழுகிறாள் என்று நாலு பேர் பிடித்து உட்கார வைத்திருப்பார்கள். அதற்கு மேல் ஒன்றும் நடந்திருக்காது.

மறு வாரம் உங்கள் லாக் புக்கை எடுத்தேன். மில் லாக் புக்கிலேயே ஆட்டத்தையும் எழுதி வைத்திருக்கிறீர்களே, பேரிங் மாற்றிய நேரத்துக்குக் கீழேயே! “காயம் ஆறாதவனைக் கூட்டிப்போகாதே.” “பெரிய சண்டைக்கு முன் இரண்டு சின்னச் சண்டை போதும், மேலே போனால் ஆள் களைத்துவிடுவான்.” “திரும்பி வரும் வழியை முதலில் பார்.” பக்கங்களைத் தள்ளிக்கொண்டே வந்தபோது ஒரு வரி என்னை நிறுத்தியது. “கோட்டை. வெற்றி. இழப்பு நாலு: ரங்கன், மாணிக்கம், யூசுப், பெரியசாமி. இது வேண்டாம்.” அடுத்த பக்கத்திலும் வெற்றி, இழப்பு மூன்று, இது வேண்டாம். இப்படி ஒன்பது.

நான் புள்ளியியல் சொல்லிக்கொடுக்கிறவள். எழுதி வைத்ததை மட்டும் வைத்து எதையும் ஒப்புக்கொள்கிறவள் இல்லை. ஆட்டத்தை அந்தந்த நிலையில் நீங்கள் சேமித்து வைத்திருந்த ஃப்ளாப்பிகளை ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தேன். ஒன்பதும் இருந்தன. ஒன்பது முறை கோட்டையைப் பிடித்துவிட்டு, ஒருவனையும் விட்டுவிட்டு வர மனமில்லாமல், ஒன்பது முறையும் பழைய இடத்துக்கே திரும்பிப்போய்ப் படையைப் பழக்கியிருக்கிறீர்கள். செல்வராஜின் வெற்றியையும் பார்த்தேன். பதினாறு பேரில் பதினோரு பேரைச் சாகக் கொடுத்திருந்தான்.

இதைப்பற்றி ஏன் ஒரு வார்த்தை சொல்லவில்லை நீங்கள்? நான் கேட்டிருக்க மாட்டேன் என்றா?

அதன்பிறகு என் தம்பியைச் சுற்றி ஒரு சிவப்பு வட்டம் போட்டேன். உங்கள் முறைப்படியே போனேன். முதல் சின்ன வேலை, டாக்டரைப் போய்ப் பார்ப்பது. சொன்ன நேரத்தில் செய்திருந்தால் பிழைத்திருப்பாரா என்று கேட்டேன். “உறுதியா சொல்ல முடியாதுங்கம்மா. நல்ல வாய்ப்பு இருந்துச்சு” என்றார். வாய்ப்பு என்ற சொல்லை வகுப்பில் ஆயிரம் முறை சொல்லியிருக்கிறேன், அன்றைக்குப்போல் அது என்னை அறைந்ததில்லை. அடுத்தது, உங்கள் பெயரை அழாமல் சொல்லப் பழகுவது. அதற்கு மூன்று மாதம் ஆனது. நடுவில் தினமும் கல்லூரி விட்டு வந்து ஒரு மணி நேரம் ஆட்டத்தைக் கற்றேன். பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை செல்வராஜையும் அவன் மனைவியையும், கவிதாவையும் பிரபுவையும் விருந்துக்குக் கூப்பிட்டேன். கோழி அடித்தேன்.

கை கழுவியதும், நான் எதிர்பார்த்தபடியே அவன் தொடங்கினான்.

“ஏனுங் மாப்ள, இந்தக் கம்ப்யூட்டர்ல சண்டை போடற ஆட்டமெல்லாம் உங்களுக்குப் பழக்கமுங்களா?”

“காலேஜ்ல கொஞ்சம் ஆடியிருக்கறனுங்க மாமா.”

“எங்க மச்சான் பதினாலு மாசம் தொறக்காத கோட்டைய நான் ஒரே மத்தியானத்துல தொறந்துபோட்டனுங்க.”

“மாப்பிள்ளைக்கு ஒருக்கா தொறந்து காட்டேன், தம்பி” என்றேன்.

உங்கள் ஃப்ளாப்பிகளில் இரண்டாம் மாதத்துடையதை ஏற்கெனவே போட்டு வைத்திருந்தேன். அதே பதினாறு பேர், அதே கோட்டை. ஆனால் ஒருவனும் பழகாதவன். செல்வராஜ் நேரே சிவப்பு வட்டத்துக்குள் போனான். காப்பி ஆறுவதற்குள் பதினாறு பேரும் போய்விட்டார்கள்.

“இதென்னக்கா, ஆளுக பொசுக்கு பொசுக்குன்னு சாயறானுக? மெசின்ல கோளாறு.”

“மெசின் நல்லாத்தான் இருக்குது. அவங்களை நீ பழக்கலை.”

இரண்டாம் முறையும் போனான். “அப்பா, நீங்க எறங்குனவொடனே செத்துப்போறீங்க!” என்று கவிதா விழுந்து விழுந்து சிரித்தாள். பிரபு மெல்லச் சொன்னார்: “தயார் பண்ணாமப் போனா இப்படித்தானுங்க மாமா. போன தடவை நீங்க ஜெயிச்சது, பெரிய மாமா பழக்கி வெச்ச ஆளுகளை வெச்சுங்களா?” நான் அவரிடம் எதுவும் சொல்லித்தரவில்லை. மூன்றாம் முறை செல்வராஜின் காது மடல் சிவந்திருந்தது. எனக்கு அது இனித்தது, மறைப்பானேன்.

லாக் புக்கை பிரபுவின் கையில் கொடுத்தேன். அவர் ஒன்பது வெற்றிகளையும் வாய்விட்டுப் படித்தார். செல்வராஜ் நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்தான்.

“வெறும் பொம்மைக்குப் போய்! அந்த மனுசனுக்கு எதுலயும் துணிச்சல் பத்தாதுக்கா. ஆபரேசனையும்தான் தள்ளித் தள்ளிப் போட்டாரு.”

ஐந்து மாதமாக நான் காத்திருந்த வாக்கியம். குரல் நடுங்கவில்லை எனக்கு. “ஏன் தள்ளிப்போட்டார்னு மாப்பிள்ளைகிட்டச் சொல்லு, தம்பி. கல்யாணம் முடியட்டும், பந்தல்ல எனக்கு யாரு இருக்காங்கன்னு இதே அறையில உட்காந்து கேட்டது யாரு? பயந்தது அவரா? உனக்காக நெஞ்சுல மூணு அடைப்போட நின்ன மனுசனா பயந்தவரு?”

அவன் தரையைப் பார்த்தான். ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன். அப்போது தலையைத் தூக்கினான்.

“நீயும்தானக்கா இங்க நின்ன, காப்பி ஆத்திக்கிட்டு. வேண்டாம்னு ஒரு வார்த்தை சொன்னயா?”

எல்லாவற்றுக்கும் தயாராக இருந்தேனுங்க. இதற்கு இல்லை. டம்ளர் சூடுகூட விரலில் நினைவிருக்கிறது. ஒரே மருமகள் கல்யாணம், கெட்ட பேச்சு எதற்கு என்று அன்றைக்கு வாயை மூடிக்கொண்டு நின்றேன். நீங்கள் சரி என்று சொல்வதற்கு முன் ஒரு நொடி என்னைத் திரும்பிப் பார்த்தீர்களே, நான் முடியாது என்று சொல்வேன் என்றா பார்த்தீர்கள்?

என் பக்கத்திலிருந்து யாரோ எழுந்தார்கள். கவிதா. “என்ற கல்யாணத்துக்காகத்தானுங்களா, அத்தை?” என்றாள். கேட்ட வேகத்திலேயே பின்வாசலுக்குப் போய்விட்டாள். குழாயைத் திறந்துவிட்டுக் கை கழுவிக்கொண்டே நின்றாள், வெகுநேரம். பிரபுதான் போய்க் கூட்டிக்கொண்டு கிளம்பினார்.

அவர்கள் போனபின் லாக் புக்கில் உங்களைப் போலவே எழுதினேன். “ஞாயிறு. வெற்றி. இழப்பு ஒன்று: கவிதா.” நீங்களாக இருந்தால் ஃப்ளாப்பியை மாற்றிப் போட்டு, அன்று காலையில் கோழி அடித்ததிலிருந்து மறுபடி ஆரம்பித்திருப்பீர்கள்.

என் கோபம் தணிந்துவிட்டதென்று மட்டும் நினைத்துவிடாதீங்க. போன வாரம் செல்வராஜ் ஒரு சாக்குத் தேங்காய் பஸ்ஸில் ஏற்றி அனுப்பினான். அதே பஸ்ஸில் திருப்பி ஏற்றிவிட்டேன். “ஏனுங்கம்மா, காய் நல்லால்லீங்களா?” என்று கேட்டார் கண்டக்டர். “காய் நல்லாத்தான் இருக்குதுங்க” என்றேன். நான் வாயை மூடிக்கொண்டிருந்தேன், அது என்னோடு இருக்கும். ஆனால் கேட்டவன் அவன். கேட்டதை மறைத்துவிட்டு, செத்தவர்மேல் பயந்தாங்கொள்ளிப் பட்டம் கட்டியவனும் அவன்தான்.

கவிதா அடுத்த வாரம் விமானம் ஏறுகிறாள். சரவணம்பட்டியில் மாமியார் வீட்டில் இருக்கிறாள், என் போனை எடுப்பதில்லை. நாளைக்குப் போகிறேன். என்ன பேசுவது என்று எழுதிப் பார்க்கவில்லை, நல்ல நாளுக்கும் காத்திருக்கவில்லை. கதவைச் சாத்தினால் வெளியே நின்று சொல்வேன்: “இதுல உன் பேர் இல்ல கண்ணு. கேட்டது உங்கப்பன். வேண்டாம்னு சொல்லாதது நான்.” இது அச்சாகி வரும்போது அவள் கடல் தாண்டியிருப்பாள். அங்கேயும் யாராவது படித்துக் காட்டட்டும்.

உங்களுக்கு ஒரு வாக்குத் தருகிறேன். ஆபரேஷன் தள்ளிப்போனது தான் கேட்டதால்தான் என்று செல்வராஜ் தன் மகளிடம் தன் வாயால் சொல்லும்வரை அவன் வீட்டில் நான் கை நனைக்க மாட்டேன். சொல்லாமலே நான் போய்ச் சேர்ந்தால், பிறந்த வீட்டுக் கோடி என்று அவன் கொண்டுவருகிற சேலை என் உடம்பின்மேல் விழக்கூடாது. இதைப் படிக்கிற சொந்தக்காரர்கள் எல்லோரும் சாட்சி.

உங்கள் மனைவி,
செல்வராஜின் அக்கா,
சாந்தாமணி