நேரில் கேட்கப்பட்டார்

ஜனவரி 9

அன்புள்ள அண்ணாவுக்கு,

அண்ணியின் முழங்கால் வலி தேவலையா? இங்கே தலைவலி உன் நகராட்சி அலுவலகத்திலிருந்து வந்திருக்கிறது. போன வாரம் ஒருவர் டேப்போடு வந்து வீட்டை அளந்தார். முன்னறையில் தையல் மெஷினைப் பார்த்ததும், "கடை நடத்துறீங்களா?" என்றார். "இல்லைங்க, அக்கம்பக்கத்துக்காரங்களுக்குக் கிழிசல் தைக்கிறேன்" என்றேன். "எல்லாம் ஒண்ணுதான்" என்று எழுதிக்கொண்டு போனார். இப்போது முழு வீட்டையும் கடையாக்கி, சொத்துவரியை மூன்று மடங்காக்கி நோட்டீஸ்! ஊசியும் நூலும் இருந்தால் வீடு ஜவுளிக்கடை ஆகிவிடுமா?

இருபது வருடமாக வரிப்பிரிவில் எழுத்தராக இருப்பவன் நீ. சலுகை வேண்டாம். வழி மட்டும் சொல்.

அன்புத் தங்கை

ஜனவரி 16

அன்புத் தங்கைக்கு,

அண்ணிக்குப் பரவாயில்லை. ஆட்சேப மனுவைப் பதிவுத் தபாலில் அனுப்பு. விசாரணைத் தேதி வரும். மின்சார பில்லைக் கொண்டு வா, வீட்டு இணைப்பு என்பது அதில் இருக்கும். உன்னைக் கேட்காமல் அதிகாரி முடிவு எழுதக் கூடாது, சட்டமே அப்படித்தான். ஆனால் அங்கே என்னை அண்ணா என்று கூப்பிட்டுவிடாதே. போனும் வேண்டாம். உறவு தெரிந்தால் இரண்டு பேருக்கும் வம்பு.

அன்புடன்,
அண்ணன்

பிப்ரவரி 13

அண்ணா,

நீ சொன்னபடியே உன்னைத் தெரியாதவள் போல உட்கார்ந்திருந்தேன், காலை பத்து மணியிலிருந்து. பெஞ்சு முழுக்க என்னைப் போன்றவர்கள். கோப்புக் கட்டோடு இரண்டு முறை என்னைத் தாண்டிப் போனாய். "கூப்பிடுவாங்கம்மா, அவசரப்படாதீங்க" என்றார் பியூன். ஐந்து மணிக்கு விளக்கை அணைத்துவிட்டு, "ஐயா போயிட்டாரு, லெட்டர் வரும்" என்றார்.

வந்தது. "மனுதாரர் நேரில் கேட்கப்பட்டார். சொல்வதற்கு ஒன்றுமில்லை என்றார். மனு தள்ளுபடி."

விசாரணைக் குறிப்பின் நகலையும் கேட்டு வாங்கினேன். எழுத்து உன்னுடையது. தேதி, விசாரணைக்கு முந்தின நாள்.

எனக்கா சொல்வதற்கு ஒன்றுமில்லை? "இவ வாய் ஓயவே ஓயாது" என்று சின்ன வயதிலிருந்து என்னைத் திட்டியவன் நீதானே?

தங்கை

பிப்ரவரி 20

தங்கைக்கு,

உன் கோபம் நியாயம்தான். என் நிலைமையையும் யோசி. ஒரே நாளில் எண்பது மனு. "எல்லாத்துக்கும் ஒரே மாதிரி எழுதி வெச்சிடு, நான் கையெழுத்துப் போட்டுடறேன்" என்றார் அதிகாரி. மனுக்கட்டுக்குள் உன் பெயரைப் பார்த்தேன். உருவித் தனியாக வைத்தால் ஏன் என்று கேட்பார்கள். நீ பேசியிருந்தாலும் முடிவு இதுதான். மேல்முறையீடு அது இது என்று அலையாமல் வரியைக் கட்டிவிடு. பாதியை நான் தருகிறேன்.

அண்ணன்

ஜூலை 4

அன்புத் தங்கைக்கு,

நான்கு மாதத்துக்கு மேலாக உன்னிடமிருந்து ஒரு வரி இல்லை. மேல்முறையீட்டில் உத்தரவு ரத்தாகி, மறுபடி விசாரிக்கச் சொல்லிவிட்டார்களாம். நல்லது. ஆனால் பழி முழுவதும் என் தலையில். "அவன் நீட்டினான், கையெழுத்துப் போட்டேன்" என்று கைகழுவிவிட்டார் அதிகாரி. என்மேல் துறை விசாரணை. உன்னையும் சாட்சிக்குக் கூப்பிடுவார்கள். "முந்தின நாளே வந்து, சொல்றதுக்கு ஒண்ணுமில்லைன்னு வாய்மொழியாச் சொன்னேன்" என்று ஒரு வார்த்தை சொல்லிவிடு. ஓய்வுக்கு இன்னும் இரண்டே வருடம். அண்ணியின் முகத்துக்காகவாவது செய்.

உன் அண்ணன்

ஜூலை 29

அண்ணாவுக்கு,

புது அதிகாரி என்னை இருபது நிமிடம் பேசவிட்டார். மின்சார பில்லைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். ஒரு நாளைக்கு எத்தனை துணி தைப்பேன் என்று கேட்டார். கடைசியில் முன்னறை மட்டும் கடைதான் என்று எழுதிவிட்டார். எனக்கு அதில் வருத்தம்தான். ஆனாலும் படி இறங்கும்போது, பழைய உத்தரவைப் படித்தபோது இருந்த அவமானம் இல்லை.

உன் விசாரணைக்கும் போனேன். நீ கேட்ட பொய்யைச் சொல்லவில்லை. நடந்ததைச் சொன்னேன். மேஜைமேல் உன் தண்டனை உத்தரவு டைப் அடித்துத் தயாராக இருந்தது. "அவரைக் கூப்பிட்டுக் கேட்டீங்களா?" என்றேன்.

"அவர் எழுத்தே இருக்கேம்மா. கேக்கறதுக்கு என்ன இருக்கு?" என்றார் விசாரணை அதிகாரி.

"எழுதச் சொன்னது யாருன்னு கேக்கலாமே. அவரைக் கேக்காம எதையும் எழுதாதீங்க."

அதையே மனுவாக எழுதிக் கொடுத்து, பதிவு எண் வாங்கிய பிறகுதான் எழுந்து வந்தேன். உன்னைக் கூப்பிடுவார்கள். போய் வாயைத் திறந்து உண்மையைச் சொல்.

தங்கை என்பதால் இதைச் செய்யவில்லை. அந்தப் பெஞ்சில் யார் உட்கார்ந்திருந்தாலும் செய்திருப்பேன். அண்ணி எப்போது வேண்டுமானாலும் இங்கே வரலாம். நீ வராதே.

இப்படிக்கு,
உன்னோடு பிறந்தவள்