மூணுபடி வீட்டுப் பதில்

வேர் மாதம் 6

மணல்விலாங்கு குழம்பில் உப்பு கூடிவிட்டது. சவீல் அண்ணி அப்படியே சாப்பிட்டாள். நானும் சாப்பிட்டேன். அண்ணன் போய் எண்பத்து மூன்று நாள் ஆகிறது. இரண்டு பேருக்கும் வேளாவேளைக்குப் பசிக்கத்தான் செய்கிறது.

வேர் மாதம் 9

கிணற்றடியில் எதிர்வீட்டு ஹன்ரா பிடித்துக்கொண்டாள். "ஒரு அடி பிசகலையே தோவெல்! கூடப் பொறந்தவன் வெளியில நிக்கிறான்னு தெரியாமப் பாடினதும் நல்லதாப் போச்சு. தெரிஞ்சிருந்தா கதவு எங்க மூடுறது?"

ஊரைக் காப்பாற்றியது என் தொண்டையாம். ஊர் வாயை மூட உலைமூடி கிடையாது. குடத்தை எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

தெரியாமல்தான் பாடினேனா?

வேர் மாதம் 10

எழுதித் தொலைக்கிறேன். இதை யார் படிக்கப்போகிறார்கள்.

அன்று கதவு நாள், வருஷத்துக்கு ஒரு தடவை வருவது. இரண்டு நிலாவும் நிறைந்திருந்தன. மணல் ஏறி வந்துகொண்டிருந்தது. வெளியே மணல்மேல் சாய்ந்து கிடக்கும் ஊர்க் கதவைக் கயிற்றுக்காரர்கள் இருபத்து நான்கு பேரும் பாதி தூக்கித் தாங்கி நின்றார்கள். நான் மதில்மேல் ஏறிக் கதவுப் பாட்டை எடுத்தேன்.

மணலுக்குப் போன காலெல்லாம் வந்துச்சா
வாசல் தாண்டின நிழலெல்லாம் வந்துச்சா

வீடு வீடாகப் பேர் சொல்லிக் கேட்டேன். ஒவ்வொரு வீடும் "வந்தாச்சு" என்றது. எந்த வீடாவது "வரலை" என்றால் அந்த அடியை மறுபடி பாடிக் காத்திருப்போம். மூன்று தடவைவரை காத்திருப்போம், அதற்குமேல் இல்லை. அன்று யாரும் அப்படிச் சொல்லவில்லை. கடைசியாக எங்கள் வீடு.

மூணுபடி வீடே, வந்தாச்சா?

பாடுகிறவள் தன் வீட்டுக்குப் பதில் சொல்லக் கூடாது. அண்ணி சொன்னாள். "வந்தாச்சு."

கெர்மோ அண்ணன் மாடியில் போர்வைக்குள் தூங்குகிறான் என்று நினைத்துவிட்டாள். காலையில் இருவருக்கும் சண்டை. போய் எழுப்பிப் பார்க்க மனசு வரவில்லை. மாடியில் வெறும் போர்வைதான் கிடந்தது. அவன் விலாங்குப் பொறியை எடுக்க வெளியே போயிருந்தான்.

பிறகு இழுப்பு அடிகள். என் தாளத்துக்குத்தான் இழுப்பார்கள். நடுவில் நிறுத்தினால் கதவு சரிந்து, கயிற்றோடு அத்தனை பேரையும் மணலுக்குள் இழுத்துப் போட்டுவிடும். ஆறாவது அடியில் வெளியிலிருந்து ஒரு சத்தம். "தோவெ..." என்று. முழுப் பேர்கூட வரவில்லை.

நான் ஏழாவது அடியை எடுத்தேன். குரல் நடுங்கக்கூட இல்லையே, பாவி!

வேர் மாதம் 22

ஒன்றுமில்லை.

புகை மாதம் 3

பக்கத்துத் தெருவில் கல்யாணம். போனேன், பந்தியில் உட்கார்ந்தேன், வாழ்த்தினேன். யாரோ ஒருத்தி போய்விட்டு வந்ததைப் போல இருக்கிறது. அழுகை வரும் என்று ஒவ்வொரு நாளும் பார்க்கிறேன். வரவில்லை. கல்நெஞ்சுக்காரியா நான்?

புகை மாதம் 17

கயிற்றுத் தலைவர் புர்தக் மாமா வந்தார். "வர்ற தடவையும் நீதானே? ஹன்ரா மகளைப் பாடச் சொல்லிப் பாத்தேன். அந்தக் குரலுக்குப் பயந்து மணலே திரும்பிப் போயிரும் போல."

எனக்குச் சிரிப்பு வந்தது. அதுவே ஆச்சரியம்.

"உங்க வீட்டுக்கு யாரு பதில் சொல்றா?" என்றார்.

அடுப்படியிலிருந்து அண்ணி சொன்னாள்: "நான் இருக்க மாட்டேன் மாமா. எங்கம்மா ஊருக்குப் போறேன்."

"பதில் சொல்லாத வீட்டைப் பாட்டுலேர்ந்து எடுத்துருவாங்க, தெரியுமில்ல?"

"எடுத்தா எடுக்கட்டும்."

மாமா என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன். வீடு பாட்டிலிருந்து போனால் அண்ணனும் போய்விடுவான். இது அவளுக்குத் தெரியாதா?

முட்டை மாதம் 8

சொல்லிவிட்டேன். அண்ணி விலாங்கு நறுக்கிக்கொண்டிருந்தாள்.

"அண்ணி, அன்னிக்கு எனக்குக் கேட்டுச்சு. அண்ணன் கூப்பிட்டது. கேட்டும் பாடிட்டேன்."

அவள் கை நிற்கவில்லை. இன்னும் இரண்டு துண்டு போட்டாள்.

"எனக்கும் கேட்டுச்சுடி. என் பேரைத்தான் மொதல்ல கூப்பிட்டாரு."

"ஏன் அண்ணி என்கிட்ட கத்தலை?"

"கத்தினா நீ நிறுத்தியிருப்பே."

நிறுத்தியிருப்பேனா? தெரியலையே. இருபத்து நாலு பேரு... ஐயோ, தெரியலை. இத்தனை நாளாய் ஒரே தட்டில் சாப்பிட்டுக்கொண்டு, இருவரும் இதையே விழுங்கிக்கொண்டு இருந்திருக்கிறோம்.

மணல் மாதம் 1

நாளைக்குக் கதவு நாள். அண்ணி மூட்டை கட்டி வைத்திருக்கிறாள். இன்னும் கிளம்பவில்லை. நான் கேட்கவில்லை.

மணல் மாதம் 2

பாடிவிட்டேன். இப்போது எழுத வராது.

மணல் மாதம் 3

நேற்று எங்கள் வீட்டு முறை வந்தபோது நான் கூட்டத்தைப் பார்க்கவில்லை. மணலைப் பார்த்துக்கொண்டே கேட்டேன். மூணுபடி வீடே, வந்தாச்சா?

"வரலை."

அண்ணியின் குரல். கூட்டத்தில் ஒரே சலசலப்பு. "அடி பைத்தியக்காரி, அவன் போய் வருஷமாச்சு! மணல் ஏறுதுடி!" என்று ஹன்ரா கத்தினாள்.

"வீடு சொன்னா சொன்னதுதான்," என்றார் புர்தக் மாமா. "தாங்குங்கடா!"

தாங்கினார்கள். நான் அந்த அடியை மறுபடி பாடினேன்.

"வரலை."

மணல் மதிலின் அடியைத் தொட்டுவிட்டது. கயிறு முறுகுகிற சத்தம் எனக்கே கேட்டது. மூன்றாம் தடவை பாடும்போது என் குரல் உடைந்தது. பதினோரு வருடத்தில் முதல் தடவை. ஊர் முழுக்கக் கேட்டது. யாரும் வாய் திறக்கவில்லை, ஹன்ராகூட.

அண்ணி வெளியைப் பார்த்தபடி நின்றாள். "வரலை" என்றாள்.

மூன்று தடவையும் காத்தாகிவிட்டது. இழுப்பு அடியை எடுத்தேன். கதவு மூடியது.

இன்று காலை புர்தக் மாமா இரண்டு உள்ளங்கையிலும் துணி சுற்றிக்கொண்டு வந்தார். "உங்க வீட்டால என் கைத்தோலே போச்சு," என்றார். அண்ணி எண்ணெய் காய்ச்சிக் கொண்டுவந்து, கட்டைப் பிரித்து அவர் கையில் தடவிவிட்டாள்.

"வர்ற வருஷம் என்ன சொல்லப்போறே?" என்று மெதுவாகக் கேட்டார்.

"வந்தாச்சுன்னு சொல்லிடறேன் மாமா."

அவர் போனபின் கதவைச் சாத்திக்கொண்டு இருவரும் அழுதோம். முதலில் ஆரம்பித்தது நான்தான்.